சல்கினின் கல்லுப்பூ வட்டம்

சல்கின் என்பவள் ஒரு பூவை ரசித்து ஊரில் ஒருவரும் பார்த்ததில்லை. மகள் கல்யாணத்தில் சம்பந்தி வீட்டார் பளபளக் காகிதத்தில் சுற்றிய ரோஜாக்கொத்தை அவள் கையில் திணித்தபோது, "இத ஆடு திங்குமா?" என்று கேட்டாள். முள் குத்தும், தின்னாது என்றார்கள். "அப்ப எதுக்கு எங்கிட்ட குடுக்கறீங்க?" என்று திருப்பிக் கொடுத்துவிட்டாள். சம்பந்தியம்மாள் இன்றுவரை அவளோடு முகம் கொடுத்துப் பேசுவதில்லை. சல்கினுக்கு அதில் நிம்மதிதான்.

கல்லுப்பூ மட்டும் வேறு கதை. பட்டணத்திலிருந்து மூட்டையைச் சுமந்துகொண்டு மலையேற வருகிறவர்கள் அதை டெய்ஸி, டெய்ஸி என்று குப்புறப் படுத்து போட்டோ எடுப்பார்கள். சல்கின் அதைக் கல்லுப்பூ என்றுதான் சொல்வாள். கல்லில் முளைப்பதால் கல்லுப்பூ, அவ்வளவுதான். அதைப் பற்றி அவளுக்குத் தெரிந்த அளவு அந்த மலையில் வேறு யாருக்கும் தெரியாது. காரணம், மேல் மேய்ச்சலில் கழிப்பறை கிடையாது. பாறை மறைவில் குந்தினால் மூக்குக்கு நேரே கல்லுப்பூதான் நிற்கும். பத்தொன்பது வயதில் எஷிமுக்கு வாழ்க்கைப்பட்டு வந்த நாளிலிருந்து, கோடைக்கு நாலு மாதம், நாளைக்கு நாலு தடவை. ஒரு படிப்பை இவ்வளவு நாள் படித்தால் கழுதைக்கும் புத்தி வந்துவிடும்.

அப்படிக் குந்தியிருந்து அவள் கண்டது: மேலே போகப் போகப் பூ குட்டையாகும். கீழே சாலை வளைவில் முழங்கால் உயரம் நெட்டையாக நிற்கிற அதே செடி, ஆக்-தெக்டிர் மேட்டில் இரண்டு விரல் உயரம்தான். காற்றுக்குப் பயந்து தரையோடு ஒட்டிக்கொள்ளும். ஒரு தண்டுக்கு ஒரே பூ. நடுவில் மஞ்சள், சுற்றிலும் ஊதா. இலை முழுக்க மாமனார் காதில் இருந்த மாதிரி நரைமயிர். ஆடி மாதத்தில் பனி விழுந்து மூடினாலும், வெயில் வந்ததும் உதறிக்கொண்டு நிற்கும். சாணமும் சேறும் ஆகாது; சரளைக்கல்தான் வேண்டும். வேர் எவ்வளவு ஆழம் போகிறது என்று மூத்தவனை ஏழு மாதம் சுமந்தபோது தெரிந்துகொண்டாள். குந்தினவளால் எழுந்திருக்க முடியவில்லை. எஷிமைக் கூப்பிட்டாள், அவன் பாறைக்கு அந்தப் பக்கம் குதிரைப்பால் கள்ளைக் குடித்துவிட்டுக் குறட்டை விட்டுக்கொண்டிருந்தான். ஒரு கொத்துக் கல்லுப்பூவை இரண்டு கையாலும் பிடித்து எழுந்தாள். செடி அசையவில்லை. வயிறும் அவளும் சேர்ந்து எழுந்தார்கள். புருஷன் கையைவிட அது கெட்டி என்று அன்றைக்கே தெரிந்துவிட்டது.

எஷிம் கெட்டவன் இல்லை. குதிரையில் ஏறினால் விழமாட்டான், இறங்கினால்தான் விழுவான். கூட்டுப்பண்ணை கலைந்து ஆளுக்கு நாலு ஆடு பங்கு பிரித்த வருடம், அந்த நாலையும் விற்றுக் குடித்தான். மேல் மேய்ச்சலுக்கு ஓட்டிப்போக ஒன்றுமில்லாமல் குடும்பம் கீழே கிராமத்துத் தகரக் கூரைக்கடியில் உட்கார்ந்துவிட்டது. பதினெட்டு வருடம். சல்கின் பஸ் நிற்கும் இடத்தில் மாவு பொரித்து விற்றாள். எஷிம் கல்லீரல் வீங்கிப் போய்ச் சேர்ந்தான். அழுதாள், விதவைக்கு விதித்த அளவு அழுதுவிட்டு, அவனுடைய சேணத்தைக் கொடுத்து ஒரு பெண்குதிரை வாங்கினாள். அந்த ஒன்று ஆறு வருடத்தில் ஒன்பதாயிற்று.

ஒன்பது குதிரையைக் கோடையில் கீழே வைத்துக்கொள்ள முடியாது. ஈ மொய்க்கும், புல் காயும், பால் தண்ணியாகும். "ஆக்-தெக்டிருக்குப் போறேன்" என்றாள் சல்கின். ஐம்பத்தேழு வயது, முழங்காலில் வலி, துணைக்கு ஒரு நாய்.

போக முடியாதபடி குறுக்கே வந்தான் பெய்ஷென். எஷிமின் சித்தப்பா மகன், ஐம்பது வயது, வேன் ஓட்டுகிறவன். மலையேற வருகிற வெளியூர்க்காரர்களைத் தங்க வைக்க அந்த மேட்டில் நாலு வட்டக் கம்பளிக் கூடாரம் போடுவது அவன் திட்டம். மேட்டில் இருப்பது ஒரே ஊற்று. இரண்டு குடும்பத்துக்குத் தண்ணீர் காணாது. ஒருநாள் சல்கின் வீட்டுக்கு வந்து, தேநீர் ஊற்றச் சொல்லி உட்கார்ந்தான்.

"அண்ணி, இந்த வயசுல உங்களுக்கு எதுக்குத் தனிக் கூடாரம்? என் கூடாரத்துக்குப் பின்னால ஓரமாப் படுத்துக்கங்க. குதிரைய நான் பார்த்துக்கறேன். நீங்க வர்றவங்களுக்கு மாவு பொரிச்சுக் குடுங்க, போதும்."

"என் குதிரைய நீ பார்ப்ப. உன் அடுப்ப நான் பார்க்கணும்."

"குடும்பம்னா அப்படித்தான அண்ணி."

"முப்பது வருஷம் ஒரு குடிகாரனுக்குப் பொரிச்சுப் போட்டேன். அவன் செத்தான். இப்ப குடிக்காதவனுக்குப் பொரிச்சுப் போடணுமா? அதுக்கு அவனே தேவல. எழுந்திருடா, தேநீர் தீந்துபோச்சு."

பானையில் தேநீர் பாதிக்குமேல் இருந்தது. அவனும் பார்த்தான். எழுந்து போய்விட்டான். மறுவாரமே மேய்ச்சல் கமிட்டியில் மனு கொடுத்தான்: ஆக்-தெக்டிரில் முதலில் கூடாரம் போட்டது தன் அப்பா, எஷிம் குடும்பம் பிறகு வந்து ஒட்டிக்கொண்டது.

பெய்ஷெனின் அப்பா டிராக்டர் ஓட்டியவர். மேட்டுக்கு ஏறினால் மூச்சு வாங்கும் என்று கல்யாணச் சாப்பாட்டுக்குக்கூட மேலே வராதவர். ஆனால் அதை அறிந்தவர்கள் எல்லாம் இடுகாட்டில் இருந்தார்கள். கூட்டுப்பண்ணைக் காகிதங்களை எலி தின்றுவிட்டது. அதனால் வெள்ளைத்தாடிகள் என்று ஊர் அழைக்கும் மூன்று பெரியவர்கள் சேர்ந்து, மேலே போய் நிலத்தைப் பார்த்துத் தீர்ப்புச் சொல்வது என்று முடிவாயிற்று. அவர்களுக்குத் தலைவர் துர்குனாலி சொன்னார்: "கூடாரம் நின்ன எடத்துல வட்டம் கெடக்கும். யாரு வட்டம் கெடக்குதோ அவங்க எடம். தோத்தவங்க அந்த மேட்டுப் பக்கம் குதிரைய ஓட்டக் கூடாது."

தோற்றால் சல்கினுக்குப் பெய்ஷெனின் அடுப்புதான். அது அவளுக்கும் தெரியும், அவனுக்கும் தெரியும்.

அவள் முதலில் பயப்படவில்லை. அவளுடைய வட்டம் மேட்டின் கீழ்க்கோடியில் கிடந்தது. மருமகளாக வந்த முதல் கோடையில் மாமியார் தடியால் தரையில் கோடு கிழித்தாள். சல்கின் மழைத்தண்ணீர் உள்ளே வராமல் கோட்டைச் சுற்றிப் பள்ளம் வெட்டினாள். வெட்டிய சரளையை வெளிப்பக்கம் கொட்டினாள். கையில் கொப்புளம், மாமியார் வாயில் வசவு. ஒவ்வொரு கோடையும் அதே இடத்தில் அதே பள்ளம். குடும்பம் கீழே இறங்கிய பிறகு, அந்தச் சரளைக் கரையில் கல்லுப்பூ மெல்ல மெல்லக் குடியேறியது. பார்க்க ஒன்றும் அழகில்லை. இங்கே ஒரு கொத்து, அங்கே ஒரு கொத்து. கிழக்கே ஓர் ஆள் அகலத்துக்குச் சொட்டை. சொட்டைக்குப் பக்கத்தில் ஆள் உயரம் காட்டுக் காஞ்சொறி. பல் விழுந்த கிழவி வாய் திறந்து கிடக்கிற மாதிரி இருந்தது.

ஆனி மாதம் பிறந்ததும் சல்கினின் அக்காள் பக்கத்துப் பள்ளத்தாக்கில் இறந்துபோனாள். நாற்பதாம் நாள் சாப்பாடு முடித்துச் சல்கின் திரும்பி வந்து, மறுநாள் வெள்ளைத்தாடிகளோடு மேட்டுக்கு ஏறியபோது, ஊற்றுக்குப் பக்கத்தில் இன்னொரு வட்டம் இருந்தது.

அது வட்டம் என்றால் வட்டம். தட்டை வைத்துக் கோடு போட்ட மாதிரி. இடைவெளியே இல்லாமல் ஊதாவும் மஞ்சளுமாகப் பூத்துக் குலுங்கியது. சுவருக்கு ஆறு தட்டி வைத்த கூடாரம் நிற்கிற அளவு பெரிது. சல்கினுடையது நாலு தட்டிக்குத்தான் காணும். நடுவில் பெய்ஷென் கம்பளம் விரித்து, துணி பரப்பி, ரொட்டி அடுக்கியிருந்தான். வெளியே அடுப்பில் ஒரு முழு ஆடு வெந்துகொண்டிருந்தது. அவன் பெண்டாட்டி குல்சுன் நுரையை வழித்துக்கொண்டிருந்தாள். யாரையும் நிமிர்ந்து பார்க்கவில்லை.

வெள்ளைத்தாடிகளில் குண்டானவர் ஆட்டைப் பார்த்தார். ஒல்லியானவர் பூவைப் பார்த்தார்.

"அடேயப்பா," என்றார் ஒல்லி. "என்னா வட்டம்! கல்யாணத் தொப்பியில பூவேலை செஞ்சாப்பல."

"எங்கப்பா கூடாரம் அய்யா," என்றான் பெய்ஷென். கண்ணைத் துடைத்துக்கொண்டான், கண்ணில் ஒன்றும் இல்லை. "எங்கம்மா கையால வெட்டுன பள்ளம். அவங்க போனாலும் பூ நிக்குது பாருங்க."

"அப்ப கீழ கெடக்கற அது?" என்று துர்குனாலி சல்கினின் வட்டத்தைக் காட்டினார்.

"அது கன்னுக்குட்டிப் பட்டி அய்யா. எஷிம் அண்ணன் கட்டுனதா இருக்கும்."

குண்டர் தலையாட்டினார். "பட்டி மாதிரிதான் இருக்கு." அவர் மூக்கு அடுப்புப் பக்கமே இருந்தது.

சல்கின் கணக்குப் போட்டாள். புளுகுகிறான் என்று கத்தலாம். கத்தினால் என்ன? விதவை கத்துகிறாள் என்பார்கள், ஆட்டைத் தின்பார்கள், தீர்ப்புச் சொல்லிவிட்டு இறங்குவார்கள். அவள் அந்த வட்டத்தை ஒரு சுற்று நடந்தாள். பூ ஒவ்வொன்றும் முழங்கால் உயரம், பட்டாளத்துக்குப் புதிதாகச் சேர்ந்த பையன்கள் வரிசையில் நிற்பது போல. இந்த மேட்டில் இந்த உயரமா? எங்கே பார்த்தோம் என்று யோசித்தாள். சாலை வளைவு நினைவுக்கு வந்தது. இரண்டாவது சுற்றில் வேறொன்று கண்ணில் பட்டது. அதைப் பார்த்ததும் அவளுக்குச் சிரிப்பு வந்தது. அக்காள் செத்து நாற்பத்தொரு நாள்தான் ஆகிறது என்பதால் அடக்கிக்கொண்டாள்.

"பெய்ஷென்," என்றாள், குரலில் தேனைத் தடவிக்கொண்டு. "பெரிய வட்டம்பா. நான் என்னத்தச் சொல்ல. உங்கப்பா கூடாரம்தான்."

பெய்ஷென் திகைத்துப்போனான். "அண்ணி?"

"வீடுன்னு ஒத்துக்கிட்டா விருந்தாளிய அழைக்கணும்ல? நான் மூத்த மருமக. வெள்ளத்தாடிங்களும் வந்திருக்காங்க. உள்ள கூப்பிடு, உக்காந்து சாப்பிடுவோம்."

"அதுக்கென்ன! வாங்க, வாங்க எல்லாரும்!"

குண்டர் காலைத் தூக்கிப் பூவைத் தாண்டப் போனார். சல்கின் அவர் சட்டையைப் பிடித்து இழுத்தாள்.

"பெரியவரே, என்ன காரியம் பண்றீங்க? திருடனா நீங்க, செவுத்தத் தாண்டிப் போக? வீட்டுக்குள்ள வாசல் வழியா போகணும். பெய்ஷென், வாசல் எந்தப் பக்கம்ப்பா?"

பெய்ஷென் கிழக்கே கையைக் காட்டினான். "இப்படி வாங்க."

எல்லாரும் கிழக்கே போனார்கள். பூ அடர்ந்து நின்றது.

"இதுவா வாசல்? இங்கயும் பூ இருக்கே. வருஷக்கணக்கா மிதிச்ச நெலம் கல்லா எறுகிப் போயிருக்கும். அதுல இது மொளைக்காதே. உங்க வீட்ல ஒருத்தரும் வெளிய போனதே இல்லையா? ஒதுங்கக்கூட?"

"இல்ல, இல்ல... எங்கம்மா தெக்கு பாத்து வாசல் வைப்பாங்க."

தெற்கே போனார்கள். அங்கேயும் பூ. ஒல்லி தெற்கிலிருந்து தானாகவே மேற்குக்கு நடந்தார். அங்கேயும் பூ. துர்குனாலி தடியை ஊன்றி முழு வட்டத்தையும் சுற்றிவந்து, கிளம்பின இடத்திலேயே நின்றார். அவருக்கு மூச்சு வாங்கியது.

"வடக்கப் பாத்து எவனும் வாசல் வைக்க மாட்டான்," என்றார். "அங்கயும் பூதான் கெடக்கு."

சல்கின் கேட்டாள்: "அப்ப உங்கம்மா எது வழியா போனா பெய்ஷென்? கூரையில புகை போற ஓட்டை வழியா எறங்குவாளா? பால் குடத்தோடயா? நல்ல குண்டுப் பொம்பளையாச்சே அவ!"

குல்சுன் கையிலிருந்த கரண்டி சட்டிக்குள் விழுந்தது. முதலில் தும்மல் மாதிரி ஒன்று வந்தது. பிறகு அடக்க முடியாமல், தலைத்துணி நுனியை வாயில் வைத்துக்கொண்டு, அடுப்புப் பக்கத்திலேயே உட்கார்ந்து சிரித்தாள்.

"என்னடி சிரிப்பு?" என்று பெய்ஷென் உறுமினான்.

"நான் அன்னைக்கே சொன்னேன்ல? செடிய வேன்ல ஏத்தும்போதே சொன்னேன், வாசலுக்கு எடம் விடுங்கன்னு. 'ஒனக்கு என்னடி தெரியும், தண்ணி ஊத்து'ன்னீங்க. நானும் சரி எனக்கென்னன்னு தண்ணி ஊத்துனேன்."

கூடாரம் போடுவது அந்த ஊரில் பெண்கள் வேலை. தட்டி விரிப்பதும், கம்பளி கட்டுவதும், பள்ளம் வெட்டுவதும், சாம்பல் அள்ளுவதும் பெண்கள். ஆண்கள் குதிரையிலிருந்து இறங்கி, திறந்திருக்கிற வாசலில் குனிந்து உள்ளே போவார்கள். வாசல் தானாக வந்து நிற்கும் என்று பெய்ஷென் ஐம்பது வருடம் நினைத்திருந்தான். வெள்ளைத்தாடிகளும் அப்படித்தான் நினைத்திருந்தார்கள். அதனால்தான் மூன்று பேர் முழித்துப் பார்த்தும் ஒருவர் கண்ணிலும் அது படவில்லை.

துர்குனாலி குனிந்து ஒரு செடியை இரண்டு விரலால் தூக்கினார். ஊசிப்போன தோலில் மயிர் வருவது போல் வந்தது. வேரோடு ஒரு கட்டி மண், செக்கச் சிவப்பு. மேட்டில் எங்கே தோண்டினாலும் சாம்பல் நிறச் சரளைதான். சிவப்பு மண் சாலை வளைவில்தான் இருக்கிறது. அவர் அந்தக் கட்டியைப் பெய்ஷெனின் கையில் வைத்தார்.

"ஒங்கப்பன் ரொம்பத் தூரத்துலேர்ந்து மண்ணு கொண்டாந்திருக்கான்," என்றார்.

"இன்னும் முடியல. என் கன்னுக்குட்டிப் பட்டியையும் பாத்துட்டுப் போங்க," என்று சல்கின் கீழே நடந்தாள்.

அவளுடைய வட்டத்தில் ஒவ்வொன்றும் இரண்டு விரல் உயரம். குண்டர் உட்கார்ந்து ஒரு கொத்தைப் பிடித்து இழுத்தார். வரவில்லை. காலை ஊன்றி, மூச்சைப் பிடித்து இழுத்தார். பூவின் தலை மட்டும் கையோடு வந்தது. அவர் மல்லாந்து விழுந்தார். தொப்பி உருண்டு சரிவில் இறங்கிப் போனது.

"வேர் எங்கடி போகுது, நரகத்துக்கா?"

"எஷிம விசாரிக்கப் போயிருக்கும்," என்றாள் சல்கின். பிறகு சொட்டையைக் காட்டினாள். "இது வாசல். நடந்து நடந்து கல்லாப் போச்சு; பதினெட்டு வருஷமாகியும் ஒண்ணும் மொளைக்கல. இந்தக் காஞ்சொறி நிக்கற எடத்துலதான் மாமியார் சாம்பல் கொட்டுவா. கன்னுக்குட்டி அடுப்பு மூட்டுமா?"

துர்குனாலி காஞ்சொறிக்குக் கீழே தடியால் கிளறினார். கருஞ்சாம்பலும், தீய்ந்த எலும்புத் துண்டும், உடைந்த தேநீர்க் கோப்பையின் கைப்பிடியும் வந்தன. கைப்பிடியைச் சல்கின் கையில் வாங்கித் துடைத்தாள். எஷிம் கோபத்தில் அவள்மேல் எறிந்த கோப்பை அது. குறி தப்பி, மாமியார் தலைமேல் பட்டது. மாமியார் அவனைத் துரத்திக்கொண்டு இந்த வாசல் வழியாகத்தான் ஓடினாள்.

"ஆக்-தெக்டிர் சல்கினோடது," என்றார் துர்குனாலி. "பெய்ஷென், ஆடு வெந்துடுச்சா?"

ஆடு வெந்திருந்தது. குல்சுன் கம்பளத்தைச் சுருட்டிக்கொண்டு வந்து சல்கினின் வட்டத்துக்குள், வாசல் வழியாகவே போய், விரித்தாள். பெய்ஷென் சட்டியைத் தூக்கிவந்தான். முகம் காஞ்சொறி பட்ட மாதிரி இருந்தது. வாசலுக்கு வெளியே நின்றுவிட்டான்.

"உள்ள வாடா," என்றாள் சல்கின். "வாசல் எதுன்னு இப்பத் தெரியும்ல."

அன்றிலிருந்து ஊரில் அவனுக்கு 'வாசலில்லாத பெய்ஷென்' என்று பேர். பிள்ளைகள் வேனின் தூசியில் விரலால் வட்டம் போட்டுவிட்டு ஓடிப்போகும். அவன் நட்ட பூவெல்லாம் பத்து நாளில் மேலேயே கருகிப்போயின. கடைசி நாலைந்து ஒரு பனி இரவில் போய்ச் சேர்ந்தன. அவன் பிறகு தன் கூடாரங்களைச் சாலை வளைவிலேயே போட்டான். அங்கே பூ நெட்டையாக இருக்கிறது. வெளியூர்க்காரர்களுக்குக் குப்புறப் படுக்காமலே போட்டோ எடுக்க வசதி.

தீர்ப்புக்கு மூன்றாம் நாள் சல்கின் கூடாரத்தை ஏற்றினாள். உதவிக்குக் குல்சுன் வந்தாள், யாரும் கூப்பிடாமல். தட்டிகளை விரித்துக் கட்டி முடித்ததும், சல்கின் மண்வெட்டியை எடுத்துப் பள்ளம் வெட்ட ஆரம்பித்தாள். பழைய பள்ளம் தூர்ந்து போயிருந்தது. கரையில் இருந்த கல்லுப்பூக் கொத்துகள் குறுக்கே வந்தன. ஓங்கி ஒரு வெட்டு. கொத்து இரண்டாகப் பிளந்தது. இன்னொரு வெட்டு.

குல்சுன் பதறிவிட்டாள். "அய்யோ அக்கா! இந்தப் பூதான ஒங்களுக்கு எடத்த வாங்கிக் குடுத்துச்சு! அதப் போயி..."

"அதுக்கு?"

"கொஞ்சம் தள்ளி வெட்டக் கூடாதா?"

சல்கின் நிமிர்ந்து இடுப்பைப் பிடித்துக்கொண்டாள். மேற்கே மேகம் கறுத்துக்கொண்டிருந்தது. குதிரைகள் காதை மடக்கிக்கொண்டு நின்றன.

"தள்ளி வெட்டுனா தண்ணி உள்ள வரும். நான் இங்க குடியிருக்க வந்திருக்கேன்டி, தோட்டம் போட வரல. அது எங்கயும் போகாது. நான் செத்து, கூடாரத்தப் பிரிச்சு எடுத்ததுக்கப்புறம் சாவகாசமா வந்து மொளைக்கட்டும். அந்தச் சட்டிய உள்ள வையி, மழ வருது."

வெட்டிய சரளையை, பூவோடும் வேரோடும், வெளிப்பக்கமாகக் கொட்டினாள். வாசலுக்கு நேரே வந்ததும் மண்வெட்டியைத் தூக்கி ஓர் ஆள் அகலம் விட்டுவிட்டு, அந்தப் பக்கத்திலிருந்து மறுபடி வெட்ட ஆரம்பித்தாள்.